எண் எழுதாத மைல்கற்கள்: ஜப்பானின் இச்சிரிசுகா பற்றி ஓர் எளிய அறிமுகம்

மைல்கல் என்றதும் நமக்கு நினைவுக்கு வருவது சாலையோரம் எண் பொறித்து நிற்கும் கல். ஜப்பானின் பழைய பெருவழிகளில் அந்த வேலையைப் பார்த்தது மண்மேடு. சாலைக்கு இந்தப் பக்கம் ஒன்று, நேர் எதிரே அந்தப் பக்கம் ஒன்று. ஆள் உயரத்தைத் தாண்டிய மேடுகள், உச்சியில் மரம். எழுத்தோ எண்ணோ அம்புக்குறியோ எதுவும் கிடையாது. இந்த ஜோடிக்கு இச்சிரிசுகா என்று பெயர். ஒரு ‘ரி’ தூரத்துக்கு ஒரு மேடு என்பது பொருள். ஒரு ரி இன்றைய அளவில் சுமார் 3.93 கிலோமீட்டர். மனக்கணக்குக்கு நான்கு என்று வைத்துக்கொள்ளலாம்.

எண்ணே இல்லாத மேடு எப்படித் தூரம் சொல்லும்? எண்ணிக்கொண்டே நடப்பவருக்குத்தான் சொல்லும். எடோ நகரின் (இன்றைய டோக்கியோ) நிஹோன்பாஷி பாலத்தில் கிளம்பினால் முதல் ஜோடி வரும்போது ஒரு ரி, மூன்றாவது ஜோடியில் மூன்று ரி. நடுவில் வந்து சேர்ந்தவருக்கு அந்த ஊர்க்காரர்கள் சொல்வார்கள். தங்கள் ஊர் மேடு நிஹோன்பாஷியிலிருந்து எத்தனையாவது என்பது பக்கத்தில் குடியிருப்பவர்களுக்குத் தெரியாமல் இருக்காது. ஊருக்கு ஊர் தூரத்தை அச்சிட்ட வழிக்குறிப்புகளும் பிற்காலத்தில் கடைகளில் விற்றன. எண் மக்களிடமும் தாளிலும் இருந்தது. மேடு செய்ததெல்லாம், அந்த எண் தரையில் எந்த இடத்தில் விழுகிறது என்று காட்டியதுதான்.

இங்கே அளவுமுறையைக் கொஞ்சம் பார்த்துவிடுவது நல்லது. அடிப்படை அளவு ஷாக்கு, ஏறத்தாழ 30.3 சென்டிமீட்டர். 6 ஷாக்கு ஒரு கென். 60 கென் ஒரு சோ, அதாவது 109 மீட்டர். 36 சோ ஒரு ரி. பெருக்கிப் பார்த்தால் ஒரு ரிக்கு 12,960 ஷாக்கு வரும். சாதாரண ஆள் சமதரையில் ஏறக்குறைய ஒரு மணி நேரத்தில் நடந்து முடிக்கும் தூரம் இது. அதனால் ஒரு மேட்டிலிருந்து அடுத்த மேடு என்பது வழிப்போக்கருக்குத் தூரமாகவும் பட்டிருக்கும், நேரமாகவும் பட்டிருக்கும். நல்ல நடையாளி ஒரு நாளில் பத்து ரி போவார். எடோவிலிருந்து கியோட்டோவின் சஞ்ஜோ பாலம் வரை டோக்கைடோ என்ற பெருவழியில் சுமார் 124 ரி. அந்த வேகத்தில் பன்னிரண்டு பதிமூன்று நாள். ஆறு பெருக்கெடுத்தால் அது எத்தனை நாளாகும் என்பது ஆற்றின் கையில்.

ஒரு ரிக்கு 36 சோ என்ற கணக்கு ஆதியிலிருந்தே இருந்ததில்லை. பண்டைய ஜப்பானில் ரி மிகச் சிறியது, அரை கிலோமீட்டரை ஒட்டி. பிறகு வட்டாரத்துக்கு வட்டாரம் மாறியது. கிழக்கே சில இடங்களில் ஒரு ரிக்கு 6 சோதான். வேறு சில வழிகளில் 48, 50 சோ என்றும் வழக்கு இருந்தது. டோக்கியோவுக்குக் கிழக்கே சிபா மாநிலத்தில் குஜூகுரி என்று ஒரு நீண்ட கடற்கரை உண்டு. அந்தப் பெயரிலேயே தொண்ணூற்றொன்பது ரி இருக்கிறது. 36 சோ கணக்கில் அது கிட்டத்தட்ட 390 கிலோமீட்டர் ஆகிவிடும். கடற்கரையோ அறுபது சொச்சம் கிலோமீட்டர். ஒரு ரிக்கு 6 சோ என்று வைத்துப் பாருங்கள், கணக்கு சரியாக வந்துவிடும்! ஆளுக்கொரு அளவு புழங்கிய இப்படிப்பட்ட நாட்டில், தலைநகரிலிருந்து கிளம்பும் எல்லாப் பெருவழிகளிலும் ஒரே ரியை மண்ணால் குவித்துக் காட்டினார்கள் என்பதுதான் இச்சிரிசுகாவின் உண்மையான புதுமை.

அதைச் செய்தவர் டோக்குகாவா இயேயாசு. 1600இல் செக்கிகஹாரா போரில் வென்று, 1603இல் ஷோகுன் (நாட்டை ஆளும் படைத்தலைவர்) பட்டம் பெற்று, எடோவை ஆட்சித் தலைநகராக்கியவர். நிஹோன்பாஷிப் பாலம் கட்டப்பட்டதும் 1603இல்தான். அடுத்த வருடமே, 1604இல், அந்தப் பாலத்தைத் தொடக்கப் புள்ளியாக வைத்துப் பெருவழிகளில் ரிக்கு ஒரு ஜோடி மேடு எழுப்ப ஆணை போனது. டோக்கைடோ, நகாசென்டோ, நிக்கோ கைடோ, ஓஷூ கைடோ, கோஷூ கைடோ என்ற ஐந்து பெருவழிகளும் நிஹோன்பாஷியிலிருந்தே எண்ணப்பட்டன. மைல்கல் நட்டதை ஏதோ மக்கள் வசதிக்கான நல்ல காரியம் என்று மட்டும் எடுத்துக்கொண்டால் பாதிதான் புரியும். கியோட்டோவில் பேரரசர் இருக்கிறார், ஊருக்கு ஊர் பிரபுக்கள் இருக்கிறார்கள். ஆனால் எந்த மூலையில் நின்றாலும் தூரத்தை எடோவின் ஒரு பாலத்திலிருந்துதான் எண்ண வேண்டும் என்றால், ஆட்சி யார் கையில் என்பதை வேறு யாரும் வந்து சொல்ல வேண்டியதில்லை.

வேலையை முன்னின்று நடத்தியவர் ஓகுபோ நகாயாசு. இவர் கதை கொஞ்சம் வழிவிலகல்தான், ஆனாலும் விட மனமில்லை. சாருகாகு என்ற கூத்துக் கலைஞர் குடும்பத்தில் பிறந்தவர். முதலில் தக்கேடா குலத்திடம் வேலை பார்த்து, அந்தக் குலம் விழுந்ததும் டோக்குகாவாவிடம் வந்து சேர்ந்தார். இவாமி வெள்ளிச் சுரங்கமும் சாடோ தீவின் தங்கச் சுரங்கமும் இவர் நிர்வாகத்துக்கு வந்தன. நிலமளப்பதும் கணக்கெழுதுவதும் கைவந்த ஆள். 1613இல் இறந்தார். இறந்த பிறகு கையாடல் குற்றம் சாட்டி, சொத்தைப் பறித்து, மகன்களை வயிறு கிழித்துச் சாகச் சொல்லிவிட்டார்கள். அவர் போட்ட மேடுகளில் ஆட்சி கைவைக்கவில்லை. எப்படிக் கைவைக்கும், குதிரைக்கும் ஆளுக்கும் கூலிக் கணக்கே அதை வைத்துத்தானே?

ஒரு மேட்டை எப்படிக் கட்டினார்கள் என்பதைப் பக்கத்தில் போய்ப் பார்க்க ஹகோனே மலையில் ஹத்தாஜுகு என்ற இடம் இருக்கிறது. நிஹோன்பாஷியிலிருந்து இருபத்து மூன்றாவது ரி. அங்கே நிலம் சரிவு. அகழ்ந்து பார்த்தபோது கட்டிய முறை தெரிந்தது. முதலில் சரிவைச் சமப்படுத்தியிருக்கிறார்கள். அதன் மேல் 5 கென், அதாவது 9 மீட்டர் விட்டத்தில் வட்டமாகக் கல் அடுக்கி, உள்ளே சிறு கற்களைக் கொட்டிக் குவித்து, மேலே மண் போர்த்தி, உச்சியில் மரம் நட்டிருக்கிறார்கள். சும்மா மண்ணை அள்ளிக் கொட்டியிருந்தால் ஹகோனே மழையில் ஒரு வருடம் தாங்கியிருக்காது. மலையை நோக்கி நின்றால் வலப்பக்கம் மோமி என்ற ஊசியிலை மரம், இடப்பக்கம் கெயாக்கி மரம். அந்த முறையிலேயே இப்போது மறுபடி கட்டி வைத்திருக்கிறார்கள். நடுவில் கல் பாவிய பழைய பாதை ஏறிப் போகிறது. ஜோடி மேடு என்றால் என்ன என்று படம் பார்த்துப் புரியாதவர்களுக்கு அந்த இரண்டுக்கும் நடுவில் ஒரு நிமிடம் நின்றாலே போதும்.

சமவெளியில் இவ்வளவு பாடு இல்லை. பொதுவாக அடி 9 மீட்டர், உயரம் 3 மீட்டர் வரை. இடத்துக்குத் தக்கபடி கூடும், குறையும். மேட்டின் இடமும் அப்படித்தான். சரியாக ஒரு ரி முடியும் இடத்தில் ஆறோ பள்ளமோ வந்தால் கொஞ்சம் முன்பின் தள்ளித்தான் போட வேண்டியிருந்தது.

மரத்துக்கு மூன்று வேலை. தூரத்திலிருந்து தெரிய வேண்டும், நிழல் தர வேண்டும், வேரால் மேட்டைப் பிடித்து வைக்க வேண்டும். எடோ காலத்தின் பிற்பகுதியில் எழுதிய சாலைப் பதிவேடுகளைப் பார்த்தால் பாதிக்கு மேல் மேடுகளில் எனோகி மரம்தான். அடுத்த இடம் பைனுக்கு, அதற்கடுத்தது சுகி என்ற ஜப்பானியச் சீடாருக்கு. பைன் சாலை நெடுக வரிசையாக நிற்கும் மரம். பைன் வரிசைக்கு நடுவில் மேட்டின் மேலும் பைனே நின்றால் கண்ணில் படாமல் போகலாம். பரந்து படர்ந்த எனோகி நின்றால் தொலைவிலேயே தெரிந்துவிடும். அகலமாக ஓடும் அதன் வேர் மண்ணையும் விடாது. எனோகியைத் தேர்ந்தெடுத்ததற்கு இயேயாசுவை வைத்து ஒரு வேடிக்கைக் கதையும் சொல்வார்கள். எனக்கு வேரும் நிழலுமே போதுமான காரணமாகப் படுகிறது.

நிழலுக்கு ஒதுங்கியவர்கள் யார் என்று யோசித்தால் இந்த மேடுகளின் பயன் விளங்கும். பெருவழிகளில் சக்கர வண்டி அபூர்வம். பெரும்பாலும் எல்லாரும் நடந்துதான் போனார்கள். மீறினால் பொதிக்குதிரை, காகோ என்ற மூங்கில் பல்லக்கு. டோக்கைடோவில் 53, நகாசென்டோவில் 69 என்று தங்கல் ஊர்கள் இருந்தன. 1601இல் டோக்கைடோவின் தங்கல் ஊர் ஒவ்வொன்றும் அரசு வேலைக்கு 36 குதிரை தயாராக வைத்திருக்க வேண்டும் என்று விதித்தார்கள். பின்னாளில் அது 100 ஆளும் 100 குதிரையும் ஆனது. ஓர் ஊரின் குதிரையும் ஆளும் அடுத்த ஊர் வரைதான் வரும், அங்கே சுமையை மாற்றிக் கட்ட வேண்டும். கூலி அடுத்த ஊர் எவ்வளவு தூரம், ஏற்றம் எவ்வளவு என்பதைப் பொறுத்தது. அரசு விகிதத்தைப் பலகையில் எழுதி ஊர் நடுவே மாட்டியிருப்பார்கள். அரசு வேலையில்லாத பயணி பேரம் பேசித்தான் ஏற வேண்டும். ‘இங்கிருந்து இரண்டு ரிதானே’ என்று பயணி சொன்னால் சுமைக்காரர் அதை மூன்றாக்க முடியாது. நடுவில் இரண்டு ஜோடி மேடுதானே நிற்கிறது!

1635இல் பிரபுக்கள் முறைவைத்து எடோவுக்கு வந்து தங்கிப் போக வேண்டும் என்பது சட்டமானது. அதன் பிறகு நூற்றுக்கணக்கான ஆட்கள் கொண்ட பரிவாரங்கள் இந்தச் சாலைகளில் வருவதும் போவதுமாக இருந்தன. எந்த இரவு எந்த ஊரில் தங்குவது என்பதை முன்கூட்டியே திட்டமிட்டாக வேண்டும், இரண்டு பிரபுக்கள் ஒரே ஊரில் மோதிக்கொள்ளக் கூடாது. அந்தத் திட்டமெல்லாம் ரி கணக்கில்தான் ஓடியது.

வெளிநாட்டார் கண்ணிலும் இந்த மேடுகள் பட்டிருக்கின்றன. டச்சு வணிகக் குழுவுடன் 1691லும் 1692லும் நாகசாகியிலிருந்து எடோவுக்குப் போன ஜெர்மானிய மருத்துவர் எங்கல்பெர்ட் கெம்ப்ஃபர், சாலையின் இருபுறமும் எதிரெதிரே மரம் நட்ட சிறு குன்றுகள் இருப்பதையும், தூரம் எல்லாம் எடோவின் பாலத்திலிருந்து எண்ணப்படுவதையும் எழுதி வைத்திருக்கிறார். நாட்டின் எந்த இடத்தில் இருந்தாலும் தலைநகர் எத்தனை தொலைவு என்று பயணிக்குத் தெரிந்துவிடும் என்பது அவரைக் கவர்ந்திருக்கிறது.

புதிதாக ஜப்பான் போகிறவர்கள் அடிக்கடி குழப்பிக்கொள்ளும் விஷயம் ஒன்று உண்டு. பழைய சாலைகளில் எழுத்துப் பொறித்த கற்களும் நிறையக் கிடக்கின்றன. அவற்றில் பெரும்பாலானவை தூரம் சொல்பவை அல்ல, வழி சொல்பவை. சாலை பிரியும் இடத்தில் நிற்கும் வழிகாட்டிக் கற்கள். டோக்கைடோவும் நகாசென்டோவும் பிரியும் குசாட்சு ஊரில் 1816இல் நட்ட கல் ஒன்று இருக்கிறது. வலப்பக்கம் போனால் டோக்கைடோ, இசே கோவிலுக்குப் போகும் வழி, இடப்பக்கம் நகாசென்டோ, மினோ நாட்டு வழி என்று எழுதியிருக்கும். கவை உள்ள இடத்தில்தான் இதற்கு வேலை. இச்சிரிசுகாவுக்குக் கவை இருக்கிறதா இல்லையா என்ற கவலையே கிடையாது. ரி முடிந்தால் மேடு, அவ்வளவுதான்.

தூரம் சொல்லும் கற்களும் ஜப்பானில் இல்லாமல் இல்லை. இச்சிரிசுகாவுக்கு 300 வருடம் மூத்தவையே இருக்கின்றன. வக்காயாமா மாநிலத்தின் கோயாசான் மலையில், அடிவாரத்து ஜிசோன்-இன் கோவிலிலிருந்து மலைமேல் உள்ள மடங்களின் மையம் வரை 180 கல்தூண்கள். சோவுக்கு ஒன்று, அதாவது 109 மீட்டருக்கு ஒன்று. அங்கிருந்து கூக்காய் துறவியின் சமாதி இருக்கும் ஒகுனோ-இன் வரை இன்னும் 36. மரத்தூண்களாக இருந்தவற்றை 1265இல் தொடங்கி இருபது வருடத்தில் கல்லாக மாற்றினார்கள். ஒவ்வொன்றும் 3 மீட்டர் அளவு உயரம், ஐந்தடுக்கு ஸ்தூபியின் வடிவம். ஒவ்வொரு தூணும் பௌத்த மண்டலத்தின் ஒரு தெய்வத்துக்கு உரியது என்பதால், பக்தர்கள் ஒவ்வொன்றையும் கும்பிட்டுக்கொண்டே ஏறுவார்கள். இங்கே கல்லில் எண் இருக்கிறது. கோவில் வழியில் மிச்சம் எவ்வளவு என்று தெரிவதும் வழிபாட்டில் ஒரு பகுதி. பெருவழி மேடுகளில் அந்தப் பக்தி வாசனையே கிடையாது. முழுக்க முழுக்க நிர்வாகச் சாமான்.

ரி என்ற அளவைக் கடைசியில் பூமியின் மேலேயே வைத்துப் பார்த்தவர் ஒருவரும் உண்டு. சாக்கே மதுவும் தானியமும் விற்ற குடும்பத் தொழிலை மகனிடம் விட்டுவிட்டு, ஐம்பதைத் தாண்டிய வயதில் வானியல் படிக்கப் போன இனோ தடாத்தாகா. 1800இல் வடக்கு நோக்கி அளந்துகொண்டு நடக்கத் தொடங்கினார். சாலையோரத்து மேடுகளை நம்பிக் கணக்குப் போடவில்லை. அடி எண்ணியும், பின்னாளில் கயிறும் சங்கிலியும் பிடித்தும் தானே அளந்தார். அட்சரேகையில் ஒரு பாகைக்கு 28.2 ரி என்று முடிவு சொன்னார். அது 110.75 கிலோமீட்டர். இன்று நாம் பொதுவாகச் சொல்லும் எண் 111.

இவ்வளவு பயனுள்ள மேடுகள் இன்று ஏன் இவ்வளவு குறைந்துவிட்டன? அவை நின்ற இடம்தான் காரணம். ஜோடி மேடு என்பது சாலையின் இரண்டு விளிம்பிலும் அழுத்திப் பிடித்துக்கொண்டு நிற்பது. நடப்பவருக்கும் குதிரைக்கும் அந்த இடைவெளி தாராளம். ரிக்‌ஷாவும், குதிரை வண்டியும், டிராமும், பிறகு லாரியும் வந்தபோது சாலையை அகலப்படுத்தக் கைவைத்தால் முதலில் இடிபட வேண்டியது அதுதான். ஷோகுன் ஆட்சி போய் மெய்ஜி அரசு வந்ததும் 1873இல் தூரக் கணக்குக்கு டோக்கியோவில் நிஹோன்பாஷியையும் கியோட்டோவில் சஞ்ஜோ பாலத்தையும் ஆதாரப் புள்ளிகளாக வைத்து, எழுத்துள்ள தூரக் கம்பங்களை நடச் சொன்னது. எழுத்துக் கம்பம் வந்த பிறகு மேடு எதற்கு? 1876இல் இச்சிரிசுகாக்களை அகற்ற உத்தரவு வந்தது. நிலத்தை மண்ணோடு விற்ற இடங்களும் உண்டு. 1889இல் டோக்கைடோ ரயில் பாதை முழுவதும் திறந்தபோது எடோ–கியோட்டோ நடையே பழங்கதையாகிவிட்டது.

தப்பியவற்றை விசாரித்தால் அநேகமாக இரண்டில் ஒரு காரணம் இருக்கும். ஒன்று, புதிய சாலை வேறு வழியாகப் போய்விட்டது, பழைய வழியும் மேடும் ஓரமாகக் கிடந்து பிழைத்தன. மிஷிமாவில் உள்ள நிஷிகிடாவும் தப்பியவற்றில் ஒன்று. நிஹோன்பாஷியிலிருந்து 28ஆவது ரி, ஹகோனே மலையின் மேற்குச் சரிவில், பைன் வரிசைக்கு நடுவே ஜோடியாக இருக்கிறது. இன்னொரு காரணம், யாரோ ஒருவர் குறுக்கே நின்றார்.

டோக்கியோ கீத்தா வட்டாரத்தின் நிஷிகஹாரா இரண்டாவது வகை. ஷோகுன்கள் நிக்கோவுக்கு வழிபடப் போகும் சாலையில் நிஹோன்பாஷியிலிருந்து இரண்டாவது ரி. தாய்ஷோ காலத்தில் (1912–1926) டிராமுக்காகச் சாலையை அகலப்படுத்தத் திட்டம் போட்டபோது இரண்டு மேடும் போக வேண்டியவை. பக்கத்தில் அசுகாயாமாவில் வீடு கட்டிக் குடியிருந்தவர் ஷிபுசாவா எயிச்சி. வங்கியும் தொழிற்சாலையுமாக நூற்றுக்கணக்கான நிறுவனங்களைத் தொடங்கிவைத்த தொழிலதிபர், 2024இல் வந்த 10,000 யென் நோட்டில் இருக்கும் முகம் அவருடையது. அவரும் ஊர்க்காரர்களும் சேர்ந்து மேடுகளைக் காப்பாற்றினார்கள். 1916இல் அங்கே இதற்காக ஒரு நினைவுக்கல் வைத்தார்கள், 1922இல் தேசிய வரலாற்றுச் சின்னம் ஆனது. காப்பாற்றிய விதம்தான் அழகு. மேட்டை இடிக்கவில்லை, சாலையைப் பிளந்துவிட்டார்கள்! இன்று ஹோங்கோ தெருவில் போகும் வண்டிகளுக்கும் வரும் வண்டிகளுக்கும் நடுவே ஒரு மேடு மரத்தோடு தீவு மாதிரி நிற்கிறது. பழைய சாலையின் அகலம் எவ்வளவு என்று தெரிய வேண்டுமானால், அந்தத் தீவுக்கும் எதிர் மேட்டுக்கும் இடையிலுள்ள இடைவெளியைப் பார்த்தால் போதும். மரங்கள் பின்னாளில் நட்டவை.

இத்தாபாஷி வட்டாரத்து ஷிமுராவும் 1922இல் சின்னமானது. நகாசென்டோவில் மூன்றாவது ரி. அங்கே சாலையை அகலப்படுத்தியும் இரண்டு மேடும் தப்பின, சுற்றிலும் கல் கட்டிச் சதுரமாக நிறுத்தியிருக்கிறார்கள். கமேயாமாவின் நோமுராவில் ஜோடியில் ஒன்றுதான் மிச்சம். ஆனால் அதன் மேல் எனோகிக்குப் பதில் முக்கு என்ற மரம், 400 வருட வயது என்கிறார்கள். ஜோடியில் ஒன்று மட்டும் மிஞ்சிய இடங்கள்தான் அதிகம். மேடே போய் வெறும் கல் அடையாளம் வைத்த இடங்கள் அதைவிட அதிகம்.

தொடக்கப் புள்ளி மட்டும் மாறவில்லை. இன்றைய நிஹோன்பாஷி 1911இல் கட்டிய கல் பாலம். அதன் நடுவே, வண்டிகள் ஓடும் பாதையிலேயே, ஒரு வெண்கலத் தகடு பதித்திருக்கிறார்கள். ஜப்பான் சாலைகளின் ஆதாரப் புள்ளி அது. டிராம் நின்ற பிறகு 1972இல் வைத்தது, எழுத்து அப்போதைய பிரதமர் சத்தோ எய்சாக்குவுடையது. பச்சை விளக்கு எரியும்போது நடுச்சாலையில் நின்று அதைப் படம் எடுக்க முடியாது என்பதால், அதன் நகலைப் பாலத்தின் வடமேற்கு மூலையில் வைத்திருக்கிறார்கள். பக்கத்திலேயே தூரப் பட்டியல்: கியோட்டோ 503 கிலோமீட்டர், சப்போரோ 1156. தலைக்கு மேலே 1963இல் வந்த அதிவேகச் சாலை பாலத்தை மூடிக்கொண்டு கிடக்கிறது. அதைப் பூமிக்கடியில் கொண்டுபோகும் வேலை நடந்துவருகிறது.

டோக்கியோவில் ஒரு காலைப்பொழுது கிடைத்தால் நிஹோன்பாஷி, நிஷிகஹாரா, ஷிமுரா மூன்றையும் சுரங்க ரயிலிலேயே பார்த்துவிடலாம். நிஷிகஹாராவுக்கு அதே பெயரில் நிலையம் இருக்கிறது, ஷிமுராவுக்கு ஷிமுரா-சாகாவே. இன்னும் ஒரு நாள் இருந்தால் ஹகோனே-யுமோத்தோவிலிருந்து பேருந்தில் ஹத்தாஜுகுவில் இறங்கி, மேடுகளுக்கு நடுவே தொடங்கும் கல்பாதையில் ஏறலாம். மழை பெய்த மறுநாள் என்றால் வேண்டாம், பாசி பிடித்த கல் வழுக்கிவிடும்.